வரவேற்புரை விழுங்கிய வகுப்பு

எங்கள் கோடை வகுப்புக்குச் சிறப்பு மலர் போடுகிறார்கள். வரலாறு எழுத ஆள் தேடித் திரிந்துவிட்டு, கடைசியில் என் தலையில் கட்டிவிட்டார்கள். "தொடக்கத்தில இருந்து இருக்கிறவர் நீங்கள்தானே அங்கிள். ஆனா மூண்டு பக்கத்துக்கு மேல போகாதேங்கோ" என்றார் மலர்க்குழுப் பொறுப்பாளர். என்னிடம் போய் மூன்று பக்கம் என்பது யானைப் பசிக்குச் சோளப்பொரி. என்றாலும் எழுதிக் கொடுத்தேன். எந்தப் பூங்காவில் தொடங்கினோம், எத்தனை கோடை நடத்தினோம், யார் யார் எதைப் பற்றிப் பேசினார்கள் எல்லாம் அதில் இருக்கிறது. ஒரு பொய்யும் இல்லை.

மலரின் முன்னுரையைப் பல்கலைக்கழகத்தில் படிக்கும் ஒரு பிள்ளை எழுதியிருந்தார். எங்கள் வகுப்பில் மேடை இல்லை, மைக் இல்லை, எல்லோரும் வட்டமாக இருக்கிறோம், பேசுபவர் வெளிச்சத்தைப் பார்த்து இருக்கிறார், மற்றவர்கள் கையை உயர்த்தி ஒருவர் பின் ஒருவராகத்தான் பேசுகிறார்கள். இதெல்லாம் முன்னோடிகளின் ஆழ்ந்த கல்விச் சிந்தனையில் பிறந்தவை என்று இரண்டு பந்தி. முன்னோடிகளில் நானும் ஒருவன் என்பதால் வாசித்துவிட்டு விழுந்து விழுந்து சிரித்தேன். பிறகு சிரிப்பு நின்றுவிட்டது.

அந்த வழக்கங்கள் எங்கிருந்து வந்தன என்று முழுதாகத் தெரிந்தவர்கள் மூன்று பேர். அதில் ஒருத்தி என் மனைவி. எழுதட்டுமா என்று கேட்டேன். "எழுதுங்கோ. ஆனா உங்கட பிழையை முதல்ல எழுதுங்கோ" என்றாள். அப்படியே செய்கிறேன்.

வகுப்பு என்ற எண்ணத்தைக் கொண்டுவந்தவர் பஸ் திருத்தும் வேலை செய்த என் நண்பர். கனடிய எல்லைக்கு அந்தப் பக்கம் தமக்கை வீட்டுக்குப் போனவர், அங்கே ஒரு ஏரிக்கரை ஊரைப் பார்த்துவிட்டு வந்திருந்தார். நூறு வருடத்துக்கு மேலாக ஒவ்வொரு கோடையும் பெரியவர்கள் அங்கே கூடிப் படிக்கிறார்களாம். ஒரு காலத்தில் கூடாரத்தைக் கட்டிக்கொண்டு ஊர் ஊராகவும் போனார்களாம். ஸ்காபரோவில், அஜின்கோர்ட் பக்கம் நாங்கள் ஐந்து பேர் வழமையாகக் கோப்பி குடிக்கும் கடையில் இருந்துகொண்டு அவர் மேசையைத் தட்டினார். "அங்க கிழடு கட்டை எல்லாம் லீவுக்குப் பள்ளிக்கூடம் போகுது. விஞ்ஞானமாம், பாட்டாம், நாடகமாம். நாங்கள் இஞ்ச ஒவ்வொரு சனிக்கிழமையும் ஆற்றையோ பேத்டேக்குப் போய்ப் பிளேட் தூக்கிறம்."

அவர் சொன்னது எங்களுக்குச் சுட்டது. டோர்செட் பார்க்கில், மாடிக்கட்டடங்களுக்குப் பின்னால் உள்ள பூங்காவில் கூரை போட்ட இடம் ஒன்று இருந்தது. அதற்குப் பெர்மிட் எடுத்தோம். யூலை, ஓகஸ்ட் இரண்டு மாதமும் சனிக்கிழமைப் பின்னேரங்களில் ஆளுக்கொருவர் தான் இங்கே செய்யும் வேலையைப் பற்றி மற்றவர்களுக்குப் படிப்பிக்க வேண்டும். தண்ணீர் சுத்திகரிக்கும் இடத்தில் வேலை செய்பவர் தண்ணீரைப் பற்றி, பாண் போடுபவர் பாணைப் பற்றி. முடிவில் கொஞ்சம் பாட்டு, கொஞ்சம் கூத்து. இதுதான் திட்டம். நல்ல திட்டம்.

கெடுத்தவன் நான்.

என்னைப் பற்றிச் சொல்ல வேண்டும். எனக்குக் குரல் உண்டு. கல்யாணம், சாமத்தியவீடு, அரங்கேற்றம், ஐம்பதாவது பிறந்தநாள் எதுவானாலும் இந்த நகரத்தில் மைக் பிடிக்க என்னைத்தான் கூப்பிடுவார்கள். ஒருமுறை செத்தவீட்டில் இரங்கலுரைகளை அறிவிக்கும்போது பழக்கதோஷத்தில் குரலை உயர்த்தி "அடுத்தவர்!" என்றேன். முன்வரிசையில் இருந்த கிழவர்கள் திடுக்கிட்டுப் போனார்கள். கல்யாண வீடுகளில் மாப்பிள்ளை பொம்பிளைக்கு நான் சொல்லும் புத்திமதி ஒன்றும் பிரபலம். "முப்பது வருசத்துக்கு மேல குடும்பம் நடத்திறன். என்ர வீட்டில எதிர்ப்பேச்சே இல்லை. அது எப்பிடியெண்டு என்னட்டக் கேளுங்கோ!" சபை சிரிக்கும். மனைவியும் கீழே இருந்து சிரிப்பாள்.

முதல் சனிக்கிழமைக்குப் பேச ஒப்புக்கொண்டவர் முப்பத்தைந்து வயதிருக்கும் ஒரு பெண். சின்ன வயதில் அகதியாக வந்து இங்கேயே படித்தவர். காது கேட்கும் கருவிகள் செய்யும் இடத்தில் அவருக்கு வேலை. ஒவ்வொருவரின் காதுக்குள்ளும் அச்சாகப் பொருந்தும்படி மெத்தென்ற துண்டுகளை வார்த்து எடுப்பார்கள், அது அவர் பொறுப்பு. "அங்கிள், எனக்கு நாப்பது நிமிசம் காணும். ஆனா அந்த நாப்பதும் வேணும்" என்று போனில் இரண்டு தரம் சொன்னார். "ஓம் பிள்ளை, அதுக்கென்ன" என்றேன் நான். அவரே இன்னொரு யோசனையும் தந்தார். எங்கள் ஆட்களிடம் கேள்வி கேட்கச் சொன்னால் எழுந்து நின்று இரண்டாவது பேச்சுப் பேசுவார்கள். ஆகவே வந்தவுடன் ஆளுக்கொரு துண்டுக் கடதாசி கொடுப்போம், கேள்வியை எழுதித் தகரப் பிஸ்கட் பேணிக்குள் போடட்டும் என்றார்.

பெர்மிட் இரண்டு மணியிலிருந்து ஐந்து மணிவரை. நாங்கள் தொடங்கும்போது இரண்டே முக்கால், அது எங்கள் மரபு. மங்கல விளக்கு ஏற்ற வேண்டும். திறந்த வெளியில், ஸ்காபரோக் காற்றில், ஐந்து திரி. நான்கு பேர் சுற்றி நின்று பீட்சாப் பெட்டியால் காற்றை மறைக்க, ஐந்தாவது திரி பற்றும்போது முதலாவது அணையும். பத்து நிமிடம் போனது. பிறகு கனடிய தேசிய கீதம், தமிழ்த்தாய் வாழ்த்து, மாண்டவர்களுக்கு அக வணக்கம். பிறகு ஸ்பீக்கரும் மைக்குமாக என் வரவேற்புரை. அதன் பிறகு ஆசியுரை, தலைமையுரை, வாழ்த்துரை, தேர்தலில் நிற்கும் யோசனையோடு வந்த ஒருவரின் சிறப்புரை. ஒவ்வொருவருக்கும் பொன்னாடை. ஒவ்வொரு பொன்னாடைக்கும் முன்னால் நான் ஒரு அறிமுகம். ஒருவருக்குப் போர்த்திவிட்டு மற்றவரை விட முடியுமா? அன்று என் குரல் நன்றாக எழும்பியது. அதைச் சொல்லத்தான் வேண்டும்.

அந்தப் பெண்ணை அழைத்தபோது ஐந்து மணியாகப் பத்து நிமிடமே இருந்தது. அடுத்த பெர்மிட்காரர்கள் பலூனும் அடுப்புக்கரியும் கேக் பெட்டியுமாக வந்து நின்றார்கள். அவர் பையிலிருந்து பெரிய காது மாதிரி ஒன்றை எடுத்து மேசையில் வைத்தார். ஒரு கதை சொல்லத் தொடங்கினார். பலூன் பிள்ளைகள் உள்ளே ஓடி வந்துவிட்டார்கள். காதை மறுபடியும் பைக்குள் வைத்தார்.

"பரவாயில்லை அங்கிள். கேள்வியளை எண்டாலும் எனக்கு அனுப்புங்கோ, பதில் எழுதி விடுறன்" என்றார். கோபப்பட்டிருந்தால் எனக்குச் சுகமாக இருந்திருக்கும். அவருக்கும் ஒரு பொன்னாடை போர்த்தி அனுப்பினோம்.

காரில் வரும்போது தெருவைப் பார்த்தபடி, "எப்பிடி இருந்தது?" என்று மனைவியிடம் கேட்டேன். பதில் இல்லை. நான் திரும்பிப் பார்த்ததும் சிரித்துத் தலையாட்டினாள். அது எனக்குப் போதுமாக இருந்தது.

மறுநாள் காலை அவள் பக்கத்து வீட்டுக்காரியோடு றிச்மண்ட் ஹில் கோயிலுக்குப் போய்விட்டாள். நான் குசினி மேசையில் பிஸ்கட் பேணியைத் திறந்தேன். உள்ளே ஒன்பது துண்டு. ஒன்றில், காதுக்குள் பஞ்சு விட்டுக் குடையலாமா என்ற கேள்வி. ஒன்றில், காதுக்குள் நல்லெண்ணெய் விடலாமா. ஒன்றில், அடுத்த கிழமையும் தின்ன ரோல்ஸ் உண்டா. இப்படியே போய் ஒன்பதாவதை எடுத்தேன்.

"என் கணவர் கதைப்பது எனக்குக் கேட்பதில்லை. ஐந்து வருடமாகிறது. வாயைப் பார்த்துச் சமாளிக்கிறேன். அவருக்கு இதை எப்படிச் சொல்வது?"

பெயர் இல்லை. கடைக்குப் போகும்போது எனக்குச் சாமான் எழுதித் தரும் அதே எழுத்து.

முதலில் எனக்குக் கோபம்தான் வந்தது. ஊர் பேர் தெரியாத ஒரு பிள்ளையிடம் கேட்க முடிகிறது, கட்டினவனிடம் சொல்ல முடியவில்லையா? எழுந்து இரண்டு தரம் குசினிக்குள் நடந்தேன். பிறகு ஒவ்வொன்றாக வரத் தொடங்கியது. ரிவியில் எப்போதும் கீழே எழுத்து ஓடவேண்டும் என்பாள். சாப்பிடும்போது பக்கத்தில் இருக்காமல் எதிரில் இருப்பாள். போன் வந்தால் என்னிடம் நீட்டுவாள். கோயிலில் பஜனைக்கு முன்னால் இருந்தவள், பின்வரிசைக்குப் போய், பிறகு போகாமலே விட்டாள். பதினெட்டு வருடம் பிளாஸ்ரிக் அரைக்கும் இயந்திரத்துக்குப் பக்கத்தில் நின்று வேலை செய்தவள். அந்தத் தொழிற்சாலைக்கு அவளை எத்தனையோ நாள் ஏற்றப் போயிருக்கிறேன். வாசலிலேயே அந்தச் சத்தம் தாங்காமல் கார்க் கண்ணாடியைப் பூட்டிக்கொண்டு இருந்திருக்கிறேன்.

எங்கள் வீட்டில் சண்டை இல்லாதது என் குணத்தால் என்றுதான் இவ்வளவு காலமும் நினைத்திருந்தேன். எனக்கு வெட்கமாக இருந்தது. நேற்று அவள் வந்தது அந்த நாற்பது நிமிடத்துக்காக. அதைத் தின்றவன் நான்.

திங்கட்கிழமை மத்தியானம் அந்தப் பெண்ணின் வேலையிடத்துக்குப் போனேன். வாகனத் தரிப்பிடத்தில் நின்று எட்டுத் துண்டுகளைக் கொடுத்தேன். ஒன்பதாவதைத் தனியாகக் கொடுத்து, "இதை எழுதினது என்ர மனிசி" என்றேன். அவர் வாசித்தார். துண்டை மடித்துப் பைக்குள் வைத்தார்.

"நான் இண்டைக்கே போய்க் கேக்கட்டோ? எனக்குத் தெரியும் எண்டு சொல்லட்டோ?" என்றேன்.

"வேண்டாம் அங்கிள். அன்ரி உங்களுக்குச் சொல்ல விருப்பமில்லை எண்டு எழுதேல்லை. எப்பிடிச் சொல்லுறது எண்டுதான் கேட்டிருக்கிறா. நீங்கள் போய்க் கண்டுபிடிச்சிட்டன் எண்டு நிண்டால், அவா சொல்ல இருந்ததையும் நீங்களே சொல்லி முடிச்ச மாதிரி. Give her the chance. அவாக்கு இடம் விடுங்கோ."

என் வாழ்க்கையில் யாரும் என்னிடம் அப்படி ஒரு வேலை தந்ததில்லை. பேசு என்றால் பேசலாம். பேசாமல் இரு என்றால்?

நாலாவது சனிக்கிழமைக்கு அவர் மறுபடியும் வரச் சம்மதித்தார். விரல் மடித்து நிபந்தனைகள் சொன்னார். மைக் கூடாது, அது வாயை மறைக்கும், அந்த மலிவான ஸ்பீக்கர் சத்தத்தைக் குழப்பும். உட்காரும் வாங்குகளை வட்டமாகப் போட வேண்டும், அப்போதுதான் எல்லாருடைய முகமும் எல்லாருக்கும் தெரியும். பேசுகிறவரின் முகத்தில் வெளிச்சம் விழ வேண்டும். ஒருவர் பேசும்போது மற்றவர் பேசக்கூடாது, கை உயர்த்தவேண்டும். விளக்கு, பொன்னாடை, உரை ஒன்றும் வேண்டாம். "அங்கிள், முக்கியமா நீங்கள்..." என்று இழுத்தார். "விளங்குது பிள்ளை" என்றேன்.

கோப்பிக் கடையில் இதைச் சொன்னபோது மற்ற நால்வரும் என்னை ஒரு மாதிரிப் பார்த்தார்கள். "மைக் வேண்டாம் எண்டு நீயோ சொல்லுறாய்? உனக்குக் காய்ச்சலோ?" என்றார் பஸ்கார நண்பர். விளக்கேற்றாமல் ஒரு காரியம் தொடங்குவதா என்று இன்னொருவர் குதித்தார். காரணத்தை என்னால் சொல்ல முடியாது, ஆகவே குரலை உயர்த்தினேன், எனக்குத் தெரிந்த ஒரே வழி அதுதான். குதித்தவர் கோபித்துக்கொண்டு போய் இரண்டு கோடை திரும்பி வரவில்லை. கடைசியில் பஸ்கார நண்பர்தான், "சரி, ஒருக்கா இவன்ர சொல்லுக்கும் செய்து பாப்பம்" என்று முடித்துவைத்தார். அந்த மனிதர் என்னிடம் ஏன் எதற்கு என்று கடைசிவரை கேட்கவில்லை. அவருக்கும் நான் கடமைப்பட்டிருக்கிறேன்.

வீட்டில் அந்த மூன்று கிழமையும் நாக்கைக் கடித்துக்கொண்டு இருந்தேன். அவளைப் பார்த்துத்தான் பேசுவது என்று வைத்துக்கொண்டேன். அப்போதுதான் தெரிந்தது, நான் அவளைப் பார்த்துப் பேசுவதே இல்லை என்று. பேப்பருக்குள் இருந்து பேசுவேன், படியில் ஏறிக்கொண்டு பேசுவேன், தண்ணீர்க் குழாயைத் திறந்துவிட்டு முதுகைக் காட்டிக்கொண்டு பேசுவேன். மேடையில் மட்டும்தான் சபையின் முகத்தைப் பார்ப்பேன். ஒருநாள் இடியப்பம் வைக்கும்போது, "என்னப்பா, உடம்புக்கு ஏலாதோ? உங்கட கதை குறைஞ்சு போச்சு" என்றாள். சொல்லிவிட எனக்கு வாய் உன்னியது. "ஒண்டுமில்லை. நீர் இரும், சாப்பிடும்" என்றேன்.

நாலாவது சனிக்கிழமை இரண்டு மணிக்கு வந்தவர்கள் வட்டமாகப் போட்ட வாங்குகளைப் பார்த்து, இது என்ன பஞ்சாயத்தா என்றார்கள். விளக்கு எங்கே என்றார்கள். நான் வாயைத் திறக்கவில்லை. அந்தப் பெண் மேற்குப் பக்க வெளிச்சத்தைப் பார்த்தபடி எழுந்து, வணக்கம் என்று ஒரு சொல்லோடு தொடங்கிவிட்டார்.

நாற்பது நிமிடம். சத்தம் காதுக்குள் எப்படிப் போகிறது, தொழிற்சாலைச் சத்தம் அங்கே எதை அழிக்கிறது, ஏன் சத்தமாகக் கத்தினாலும் சிலருக்குச் சொல் விளங்காது என்றெல்லாம் பாணுக்குப் பட்டர் பூசுகிற மாதிரி லேசாகச் சொன்னார். தான் வார்த்த காதுத் துண்டுகளைக் கை மாற்றிப் பார்க்கவிட்டார். நீலம், சிவப்பு, தோல்நிறம். ஒன்று இன்னொன்றைப் போல இல்லை. மனைவி ஒன்றை வாங்கி உள்ளங்கையில் வைத்து நெடுநேரம் பார்த்துக்கொண்டிருந்தாள்.

கேள்வி நேரம் வந்தது. ஒருவர் எண்ணெயைப் பற்றிக் கேட்டார். இன்னொருவர் கருவி வெளியில் தெரியுமா என்றார். அதன் பிறகு யாரும் கை உயர்த்தவில்லை. அந்தப் பெண் அவசரப்படவில்லை, மேசையில் இருந்ததை அடுக்கவும் இல்லை. சும்மா நின்றார். ஒரு சபை அவ்வளவு நேரம் மௌனமாக இருக்க நான் என் வாழ்நாளில் விட்டதில்லை. என் தொண்டைக்குள் நாலு அறிவிப்புகள் வந்து முட்டின.

மனைவி கையை உயர்த்தினாள்.

கூட்டத்தில் எழுந்து பேசியே அறியாதவள். எழுந்து, சேலைத் தலைப்பைச் சரிசெய்துவிட்டு, பேசியவரைப் பார்க்காமல் வட்டத்துக்கு அந்தப் பக்கம் இருந்த என்னைப் பார்த்தாள்.

"பிள்ளை, இவர் கதைக்கிறது எனக்கு ஐஞ்சு வருசமாக் கேக்கிறேல்லை. சொன்னா மனம் நோவார். இவருக்கு இதை எப்பிடிச் சொல்லுறது?"

"இப்ப சொல்லீட்டியள், அன்ரி" என்றார் அந்தப் பெண்.

எல்லாரும் என்னைத் திரும்பிப் பார்த்தார்கள். நான் கையை உயர்த்தினேன். அந்தப் பெண் தலையசைக்கும்வரை காத்திருந்தேன். பிறகு எழுந்து, அவள் முகத்தைப் பார்த்து, "எனக்குக் கேட்டுது" என்றேன்.

அடுத்த கிழமையும் வட்டமாகத்தான் இருந்தார்கள். அதற்கடுத்த கிழமையும். வரவேற்புரை இல்லாவிட்டால் பாடம் படிக்க நேரம் கிடைக்கிறது என்பதைச் சனம் கண்டுபிடித்துவிட்டது, இனி யார் சொல்லி மாற்றுவது? பிறகு வந்த கோடைகளில் வகுப்பு வேறு பூங்காக்களுக்கும் பரவியது. வழக்கமும் கூடவே போனது. வேறு யாருக்கெல்லாம் காது சரியில்லையோ, யார் எல்லாம் பேசத் துணிவில்லாமல் இருந்தார்களோ எனக்குத் தெரியாது. வட்டம் போட்ட பிறகு, அதுவரை வாய் திறக்காத பலர் கை உயர்த்தினார்கள். அந்த முன்னுரையில் ஆழ்ந்த சிந்தனை என்று எழுதிய பிள்ளையை நான் திருத்தவில்லை. சிந்தித்தது உண்மைதான், ஆனால் சிந்தித்தவர் காது செய்கிற பெண். முன்னோடிகளில் ஒருவர் வாயை மூடிக்கொண்டிருந்தார், அவ்வளவுதான்.

மனைவிக்கு அதே பெண் காதுத் துண்டு வார்த்துக் கொடுத்தார். இப்போது எங்கள் வீட்டில் எதிர்ப்பேச்சு தாராளம். ஐந்து வருடத்துக்கானதை வட்டியோடு வாங்குகிறேன். என் குரல் மேடையில் கொஞ்சம் கூடுதலாக நடுங்குகிறது, அது பாவனை என்று போன மாதம்கூடச் சொன்னாள். சொல்லட்டும். சொல்வதற்கு ஆள் இருப்பது எவ்வளவு பெரிய கொடுப்பினை என்று எனக்குத் தெரியும். அந்தப் பெண்ணுக்கு நான் பலமுறை நன்றி சொல்லிவிட்டேன். ஒவ்வொரு முறையும், "சுருக்கமாச் சொல்லுங்கோ அங்கிள்" என்பார்.

அந்த நாலாவது சனிக்கிழமை வகுப்பு முடிந்து காரில் ஏறிய பிறகு நடந்ததை மட்டும் நான் யாருக்கும் சொன்னதில்லை. இயந்திரத்தை இயக்கினால் தெருவைப் பார்க்க வேண்டும், தெருவைப் பார்த்தால் அவளுக்குக் கேட்காது. ஆகவே வாகனத் தரிப்பிடத்திலேயே இருந்து, அவள் பக்கம் முழுதாகத் திரும்பிக் கேட்டேன்.

"ஏனப்பா எனக்குச் சொல்லேல்லை? நான் மனம் நோவன் எண்டு மட்டும்தானோ?"

அவள் என் வாயிலிருந்து கண்ணுக்குப் பார்வையை உயர்த்தினாள்.

"நீங்கள் கதைக்கேக்க உங்கட முகம் எவ்வளவு சந்தோசமா இருக்கும் எண்டு உங்களுக்குத் தெரியாது. கேக்காட்டிலும், பாத்துக்கொண்டு இருக்கலாம் எண்டு நினைச்சன்."

வண்டியை எடுக்க எனக்கு வெகுநேரம் பிடித்தது.